காகிதப் பட்டையும் இரண்டு இஞ்சுக் குழாயும்

கொழிஞ்சாம்பாறையில் பைப் கடையில் நிற்கும் எனக்கு, உடைந்த துண்டைக் கையோடு கொண்டுவரும் விவசாயியைத்தான் மிகவும் பிடிக்கும். ‘இரண்டு இஞ்சு கப்ளர் கொடுங்கள்’ என்று, குழாய்களை இணைக்கும் துண்டைக் கேட்டு வெறுங்கையோடு வருபவரிடம் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும். இரும்பா, பிளாஸ்டிக்கா? தோட்டத்துக்கா, வீட்டுக்கா?

அரை இஞ்சு ஜி.ஐ. குழாயின், அதாவது துத்தநாகம் பூசிய இரும்புக் குழாயின், வெளிவிட்டம் 21.3 மி.மீ. அரை இஞ்சு என்பது 12.7 மி.மீ. அந்தக் குழாயில் எந்தப் பக்கம் அளந்தாலும் 12.7 வராது. பழைய இரும்புக் குழாய்களில் உள்துளை ஏறக்குறைய பெயருக்கேற்ப இருந்தது. பிற்காலத்தில் சுவர் மெலிந்தபோது, பழைய மரைகளும் இணைப்புகளும் பொருந்த வேண்டுமே என்று வெளிவிட்டத்தை மாற்றாமல் விட்டார்கள். துளை பெரிதானது, பெயர் நிலைத்துவிட்டது. இன்றும் நீலப் பட்டை போட்ட மீடியம் குழாய்க்கும் சிவப்புப் பட்டை போட்ட ஹெவி குழாய்க்கும் வெளியே ஒரே அளவு. கனம் கூடுவதெல்லாம் உள்பக்கமாகத்தான்.

தோட்டத்துப் பி.வி.சி.க்குக் கணக்கே வேறு. அதற்கு வெளிவிட்டம்தான் அளவு: 20, 25, 32, 40, 50, 63 மி.மீ. இந்த 63-ஐத்தான் எல்லோரும் இரண்டு இஞ்சு என்கிறார்கள். வீட்டு வேலைக்கான கனமான யு.பி.வி.சி.யிலோ இரண்டு இஞ்சு என்றால் இரும்புக் குழாயைப் போலவே 60.3. இடைவெளி 2.7 மி.மீ.தான். ஆனால் தென்னைக்குத் தண்ணீர் பாயாத அவசரத்தில், 60-க்கான கப்ளரின் வாயைத் தீயில் வாட்டி விரித்து 63-இல் ஏற்றிவிடுகிறார்கள். இதைப் பார்த்தால் எனக்கு மனம் பொறுக்காது. விரிந்த இடத்தில் சுவர் மெலிந்துபோகிறது. மோட்டார் போட்டதும் அழுத்தம் முதலில் அங்கேதான் முட்டும்.

குழிக்குள் ஈரக் கையோடு விட்டம் அளக்கும் வெர்னியர் கருவியைப் பிடிப்பது கடினம். தோண்டி எடுத்த பழைய குழாய் சற்று நசுங்கியும் இருக்கும். ஒரு பக்கம் 62, மறுபக்கம் 64 காட்டும். அதற்கு நான் சொல்வது காகிதப் பட்டை. மண்ணைத் துடைத்துவிட்டு, பட்டையைக் குழாயின்மேல் கோணாமல் ஒரு சுற்றுச் சுற்றி, ஒன்றன்மேல் ஒன்று ஏறும் இடத்தில் பேனாவால் கோடு போட வேண்டும். விரித்து, ஸ்கேலில் வைத்துப் படித்து, 3.14-ஆல் வகுத்தால் வெளிவிட்டம். 63 குழாய்க்குப் பட்டையில் ஏறக்குறைய 198 மி.மீ. வரும், 60.3-க்கு 189. குழாயில் மூன்று மில்லிமீட்டருக்கும் குறைவாக இருந்த வித்தியாசம் பட்டையில் ஒன்பதாக விரிந்துவிடும்; கண்ணாடி போடாத பெரியவருக்கும் தெரியும். ‘அண்ணா, சுற்றி அளந்தேன், 198 இருக்கிறது’ என்று சிலர் இப்போது போனிலேயே சொல்கிறார்கள். அவர்களுக்குப் பொருளை எடுத்து வைத்துவிடுவேன்.

ஃபிரிட்ஜ், ஏ.சி. மெக்கானிக்குகளிடம் இந்தத் தொல்லை குறைவு. அவர்கள் வாங்கும் செம்புக் குழாயில் அரை இஞ்சு என்றால் வெளிவிட்டம் சரியாக 12.7. ஆனால் சுடுதண்ணீருக்குப் போடும் சி.பி.வி.சி. பிளாஸ்டிக் குழாயில் அதே அரை இஞ்சுக்கு வெளிவிட்டம் 15.9. கல்லாவுக்கு மேலே பலகையில் செம்பு 12.7, சி.பி.வி.சி. 15.9, தோட்டத்துப் பி.வி.சி. 20, ஜி.ஐ. 21.3 என நான்கு அரை இஞ்சுத் துண்டுகளை வரிசையாக ஆணியடித்து வைத்திருக்கிறேன். அரை இஞ்சு கேட்டு வருபவர் அவற்றில் ஒன்றைத் தொட்டுக் காட்டிய பிறகே பில் போடுகிறேன்.