பெயருக்கு ஒரே ஒரு கட்டம்

டிஜிட்டல் மேப் தயாரிக்கும் கம்பெனியில் வேலை என்றால், வெயிலில் நின்று நிலம் அளப்பேன் என்றுதான் ஊரில் நினைக்கிறார்கள். நான் சென்னையில் ஏசி அறையில் உட்கார்ந்து, கண்ணால் பார்த்தே இராத மலைகளுக்கும் ஏரிகளுக்கும் பெயர் சரிபார்க்கிறவள்.

2025 ஜனவரி 20, பதவியேற்ற அன்றே டிரம்ப் போட்ட ஓர் ஆணையால், வட அமெரிக்காவின் மிக உயரமான சிகரம், அலாஸ்காவில் 20,310 அடிக்கு நிற்கும் டெனாலி, மறுபடியும் மவுண்ட் மெக்கின்லி ஆனது. அமெரிக்க அரசின் பெயர்ப் பட்டியல் எப்படியோ எங்கள் தரவும் அப்படியே. மாற்றுவது என்னவோ அரை நிமிட வேலை. அப்புறம்தான் டிக்கெட்டுகள், அதாவது எங்கள் சிஸ்டத்தில் பதிவாகும் புகார்கள், வர ஆரம்பித்தன: சிகரத்தின் மேல் மெக்கின்லி, சுற்றிலும் பச்சை நிறத்தில் டெனாலி தேசியப் பூங்கா, இதில் எது தப்பு?

"அக்கா, பூங்கா பேரையும் மாத்திடவா?" என்றான் புதிதாகச் சேர்ந்த பையன். வேண்டாம்ப்பா, அது 1980-ல் அமெரிக்க நாடாளுமன்றம் சட்டம் போட்டு வைத்த பெயர், டிரம்பின் ஆணையிலேயே பூங்காவின் பெயர் அப்படியே இருக்கும் என்று எழுதியிருக்கிறது என்றேன்.

சரி, யார் அந்த மெக்கின்லி? 1896-ல் தங்கம் தேடிப் போன வில்லியம் டிக்கி என்பவர், அப்போது ஜனாதிபதி வேட்பாளராக இருந்தவரின் பெயரை மலைக்குச் சூட்டிவிட்டார், அவ்வளவுதான். மெக்கின்லி அலாஸ்கா பக்கம் எட்டிப் பார்த்ததுகூட இல்லை. 1975-ல் அலாஸ்கா மாநிலமே பெயரை மாற்றுங்கள் என்று கேட்டும், மெக்கின்லியின் சொந்த மாநிலமான ஒஹாயோவின் நாடாளுமன்ற உறுப்பினர் ரால்ஃப் ரெகுலா வருடக்கணக்காக முட்டுக்கட்டை போட்டார். ஒபாமா காலத்தில், 2015-ல்தான் டெனாலி வந்தது. வந்து பத்து வருடம்கூட நிலைக்கவில்லை.

எனக்கு இதில் பிடித்த ஆள் வால்டர் ஹார்ப்பர். 1913-ல் அந்த உச்சியில் முதலில் கால் வைத்தவர் அவர்தான், அவருடைய அம்மா அலாஸ்காவின் பூர்வகுடிகளான கோயுகோன் இனத்தவர். அவரோடு ஏறிய பாதிரியார் ஹட்சன் ஸ்டக், தன் புத்தகத்தின் முன்னுரையிலேயே மலையின் பழைய பெயரைத் திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டுவிட்டார், அதுவும் 1914-ல்!

ஆனால் டெனாலி, அதாவது 'உயர்ந்தது', வடக்கே இருக்கும் கோயுகோன் மக்களின் பெயர். தெற்கேயிருந்து அதே மலையைப் பார்க்கும் தெனாயினா மக்களுக்கு அது த்கெலாய் கா'ஆ, பெரிய மலை. இருக்கிற இடத்துக்கு ஒரு பெயர், இரண்டுமே சரி. வாஷிங்டன் பட்டியலில்தான் ஒன்றே ஒன்றுக்கு இடம்.

எங்கள் தரவு அட்டவணையில் மாற்றுப்பெயருக்குத் தனிப் பத்தி உண்டு, பெரும்பாலும் காலியாகவே கிடக்கும். டெனாலியை அதில் ஏற்றிவிட்டேன், தேடுபவர்களுக்குக் கிடைக்கும். தெனாயினா பெயரை ஏற்றப் போனால், நடுவே வரும் அந்த ஒற்றைக் குறியைத் தட்டச்சுப் பிழை என்று சாஃப்ட்வேர் துப்பிவிடுகிறது. குறியை எடுத்துவிட்டு ஏற்றலாமே என்கிறார் டீம் லீட். முடியாது சார், அது தொண்டையில் நிறுத்திச் சொல்கிற ஒலி, பெயரோடு சேர்ந்தது என்று சொல்லி, சாஃப்ட்வேர் மேலேயே ஒரு டிக்கெட் போட்டு வைத்திருக்கிறேன்.