சான் ஹோசே தெருவில் டைக்கோ மேளம்

கலிஃபோர்னியாவின் சான் ஹோசேயில் வந்து இறங்குகிற நம்மூர் ஐ.டி. ஆட்களில் பாதிப் பேர் அந்த விமான நிலையத்தின் முழுப் பெயரைக் கவனித்திருக்க மாட்டார்கள். நார்மன் மினேட்டா என்பவரின் பெயர் அது. 1971-இல் இந்த ஊர் மேயராகத் தேர்வானவர், பிற்பாடு வாஷிங்டனில் அமைச்சராகவும் இருந்தவர். அதே மினேட்டாவைத்தான் ஜப்பானோடு அமெரிக்கா போரில் இருந்த 1942-இல், பத்து வயதுப் பையனாக இருந்தபோது, குடும்பத்தோடு இந்த ஊரிலிருந்து கிளப்பிக்கொண்டு போய் வயோமிங் மாநிலத்தின் ஹார்ட் மவுண்டன் முகாமில் முள்வேலிக்குள் வைத்தார்கள். ஜப்பானிய வம்சாவளி என்பதைத் தவிர வேறு காரணம் எதுவும் இல்லை. டைக்கோ என்கிற ஜப்பானிய மேளம் பார்க்கப் போன கதையில் இது எதற்கு என்று கேட்காதீர்கள், சம்பந்தம் இருக்கிறது.

ஜூலையில், இந்த ஊரின் ஜப்பானியர் பேட்டையான ஜப்பான்டவுனில் ஓபோன் திருவிழா. இறந்துபோன முன்னோர்களை நினைத்து ஆடுகிற விழா, அழுகை கிடையாது. லைட் ரயிலில் ஜப்பான்டவுன்/ஏயர் நிறுத்தத்தில் இறங்கிக் கொஞ்சம் நடந்தால் ஜாக்சன் தெரு, அதைத் தாண்டி ஐந்தாவது தெருவில் 1937-இல் கட்டிய புத்தர் கோயில். அமெரிக்காவில் ஜப்பான்டவுன் என்று மிஞ்சியிருப்பவை சான் பிரான்சிஸ்கோ, லாஸ் ஏஞ்சலஸ், இந்த ஊர் என்று மூன்றே மூன்றுதான். தெரு முழுக்க டெரியாக்கி கோழி சுடுகிற புகை. சைவக்காரர்கள் சுட்ட சோளத்தை வாங்கிக்கொண்டு ஓரமாக நிற்கலாம், நான் அப்படித்தான் நின்றேன்.

சான் ஹோசே டைக்கோ குழு வந்ததும் கூட்டம் தானாகவே நெருங்கியது. அவர்கள் மேளத்துக்கு முன்னால் நிற்கிற விதத்தையே முதலில் பார்க்க வேண்டும்: காலை அகல வைத்து, முழங்காலை மடக்கி, இடுப்பைத் தாழ்த்தி, ஒரு கையை வானத்துக்கு நீட்டி அப்படியே நிறுத்திவிட்டு, அடி விழும் என்று நாம் நினைக்கிற இடத்தில் விழாமல் அரைக் கணம் தள்ளி விழுகிறது. மெதுவாக ஆரம்பித்து வேகம் கூடிக்கூடிப் போய், ஒருவர் அடித்துக்கொண்டே நகர்ந்து பக்கத்து மேளத்துக்குத் தாவ, அங்கே இருந்தவர் அதற்கு அடுத்ததற்குப் போக, தாளம் மட்டும் எங்கும் உடையவில்லை. நடுநடுவே ஒரு கூவல், அவ்வளவுதான், சிரிப்பு வேறு. சபாக்களில் இறுகிய முகத்தோடு வாசிக்கிற வித்வான்களைப் பார்த்துப் பழகிய எனக்கு அந்தச் சிரிப்பு ரொம்பப் பிடித்திருந்தது.

இதை ஆயிரம் வருஷப் பழமை என்று பக்கத்தில் நின்ற ஒருவர் தன் பிள்ளைகளுக்கு விளக்கிக்கொண்டிருந்தார். மேளம் பழையதுதான், கோயிலிலும் திருவிழாவிலும் இருந்தது. ஆனால் பல அளவு மேளங்களை வரிசையாக வைத்துக் குழுவாக வாசிக்கிற இந்த முறை 1951-இல் நாகானோ பகுதியில் தைஹாச்சி ஒகுச்சி என்ற ஜாஸ் டிரம்மர் ஆரம்பித்தது. 1968-இல் செய்ச்சி தனாக்கா சான் பிரான்சிஸ்கோவில் ஒரு டைக்கோ பள்ளி தொடங்கினார், அடுத்த வருஷம் லாஸ் ஏஞ்சலஸ் புத்தர் கோயில் ஒன்றில் கின்னரா குழு, 1973-இல் இவர்கள். தொடங்கியவர்கள் பெரும்பாலும் முகாமில் அடைபட்டவர்களின் பிள்ளைகள். அப்பா அம்மா முகாமைப் பற்றி வாயே திறக்காத வீடுகளில் வளர்ந்த தலைமுறை அது. சத்தமான ஒன்றைத் தேடிப் போய்ப் பிடித்ததில் எனக்கு ஆச்சரியமே இல்லை.

மேளத்துக்கு என்ன செய்தார்கள் என்பது இன்னும் சுவாரசியம். ஜப்பானில் ஒரே மரத்தைக் குடைந்து செய்வார்கள், விலை கேட்டால் தலை சுற்றும். கலிஃபோர்னியாவில் ஒயின் பீப்பாய்க்கா பஞ்சம்? ஓக் மரப் பீப்பாயைத் தேய்த்து, ஒட்டி, ஊறவைத்த மாட்டுத்தோலைப் போர்த்தி, கார் டயர் மாற்றுகிற ஜாக்கியை அடியில் கொடுத்து இழுத்து, சுற்றிலும் ஆணி அடித்துவிட்டார்கள். ஆணி அடித்தபிறகு சுருதி மாற்ற வழியில்லை, பறையைத் தீயில் காட்டுவதுபோல எல்லாம் முடியாது. பாடமோ முழுக்க வாய்ச்சொல்தான். டொன், டொகோ, விளிம்பில் தட்டினால் கா. மிருதங்கம் கற்றவர்களுக்கு இதில் புதிதாக ஒன்றுமில்லை.

இருட்டியபின் தெருவை அடைத்து ஆட்டம். பழைய பாட்டுகளோடு, இந்தக் குழுவின் பி.ஜே. ஹிராபயாஷி 1994-இல் உருவாக்கிய 'ஏ ஜா நை கா'வும் வந்தது. ஜப்பானிலிருந்து முதலில் வந்தவர்கள் வயலிலும் சுரங்கத்திலும் ரயில் பாதையிலும் செய்த வேலைதான் அதில் ஆட்ட அசைவு. பாட்டிகள், யுக்காத்தா அங்கி அணிந்த குழந்தைகள், அரைக்கால் சட்டை போட்ட மெக்சிகோக்காரர் என்று எல்லோரும் மண்வெட்டி பிடிக்கிற மாதிரி கையை ஆட்டிக்கொண்டு வட்டமாகப் போகிறார்கள். என்னையும் ஒரு அம்மா கையைப் பிடித்து உள்ளே இழுத்துவிட்டார். திருப்பத்தில் எல்லாம் நான் எதிர்த்திசைதான், யாரும் பொருட்படுத்தவில்லை.

போகிறவர்களுக்கு: டிக்கெட் கிடையாது, காரை எடுத்துக்கொண்டு போகாதீர்கள். மேளம் தொடங்குமுன் ஐந்தாவது தெருவிலேயே உள்ள ஜப்பானிய அமெரிக்க அருங்காட்சியகத்துக்கு ஒரு மணி நேரம் ஒதுக்குங்கள், முகாம் கொட்டகை அறை ஒன்றை அப்படியே அமைத்து வைத்திருக்கிறார்கள். ஜாக்சன் தெருவில் ஷூயெய்டோ கடையின் மஞ்சு என்ற பலகாரம், உள்ளே இனிப்புப் பயறு வைத்தது, சீக்கிரமே தீர்ந்துவிடும். முதலில் அதை வாங்கிவிடுங்கள்.