காலின்ஸ் 628 அடித்த புல்வெளி

இங்கிலாந்தின் பிரிஸ்டலுக்கு வருகிறவர்கள் கிளிஃப்டன் தொங்குபாலத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டு ஊர் திரும்பிவிடுகிறார்கள். எனக்குப் பாலத்தைவிடக் கத்ரி சாலைதான் முக்கியம். 2022-இல் மூடப்பட்ட உயிரியல் பூங்காவை ஒட்டிச் செல்லும் அந்தச் சாலையோரம், கிளிஃப்டன் காலேஜ் பள்ளிக்குச் சொந்தமான ஒரு புல்வெளி இருக்கிறது. 'காலின்ஸ் பீஸ்' என்று பெயர். மைதானம் என்று சொல்லவே கூச்சமாக இருக்கும், அவ்வளவு சிறியது. பள்ளி வளாகம் என்பதால் வெளியே நின்றுதான் பார்த்தேன்.

1899 ஜூன் மாதம் ஆர்தர் காலின்ஸ் என்ற 13 வயதுப் பையன் இங்கே ஆட்டமிழக்காமல் 628 ரன்கள் எடுத்தான். இன்றைய ஜார்க்கண்டில் உள்ள ஹசாரிபாக்கில் பிறந்தவன். இந்தப் பள்ளிக்கு வருவதற்குள் தாயையும் தந்தையையும் இழந்திருந்தான். நடந்தது விடுதி மாணவர்களுக்கு இடையிலான சாதாரண ஆட்டம். அவன் இன்னிங்ஸ் மட்டுமே நான்கு பிற்பகல்கள் நீண்டது. செய்தி பரவப் பரவ ஊரே வேடிக்கை பார்க்க வந்துவிட்டது. அணியின் மொத்தம் 836. எதிரணி 87, 61 என்று சுருண்டது. அதிலும் 11 விக்கெட் காலின்ஸுக்கு!

ஸ்கோர் கணக்கு இன்னும் சுவையானது. ஒரு சிக்சர், நான்கு ஐந்துகள், 31 பவுண்டரிகள், 33 மூன்றுகள், 146 இரண்டுகள், 87 ஒற்றைகள். ஏன் இத்தனை இரண்டுகள்? புல்வெளியைப் பார்த்ததும் விளங்கிவிட்டது. எல்லை கைக்கெட்டும் தூரத்தில் இருந்த பக்கங்களில் பந்து கோட்டைத் தாண்டினால் இரண்டு ரன்தான். சரிவான நீண்ட பக்கத்திலோ எல்லைக்கோடே கிடையாது, ஓடித்தான் எடுக்க வேண்டும். கேட்சுகளும் கணிசமாகத் தவறின. ஸ்கோர் எழுதியவர்களில் ஒருவரே, இருபது ரன் கூடக்குறைய இருக்கலாம் என்று சொன்னாராம். இருக்கட்டுமே!

பிறகு காலின்ஸ் ராணுவப் பொறியாளர் படையில் சேர்ந்தார். கிரிக்கெட் விடுமுறை நாள் விளையாட்டாகிவிட்டது. 1913-இல் லார்ட்ஸில் பீரங்கிப் படைக்கு எதிராக 58, 36 எடுத்தார். முதல்தர ஆட்டம் ஒன்றுகூட ஆடியதில்லை. 1914 வசந்தத்தில் திருமணம். அதே ஆண்டு நவம்பர் 11 அன்று, முதல் உலகப் போரில், பெல்ஜியத்தின் ஈப்ர் போர்முனையில் மரணம். வயது 29. உடல் கிடைக்கவில்லை. அங்குள்ள மெனின் வாயில் என்ற போர் நினைவுச் சின்னத்தில் பெயர் மட்டும் பொறிக்கப்பட்டிருக்கிறது.

அதே பள்ளியில் படித்த தளபதி டக்ளஸ் ஹேக்குக்கு வளாகத்தில் சிலை எழுப்பியிருக்கிறார்கள். ஈப்ரில் காலின்ஸின் பிரிவு அந்த ஹேக்கின் படையணியில்தான் இருந்தது. தளபதிக்கு ஆளுயரச் சிலை, கேப்டனாக இருந்த காலின்ஸுக்குச் சுவரில் ஒரு சிறு பலகை. அந்தப் பலகையும் போருக்காக அல்ல, 13 வயதில் அடித்த ரன்களுக்காக வைக்கப்பட்டது. எனக்கு இது உறுத்தவே செய்தது.

ஒரே இன்னிங்ஸில் ஒருவர் எடுத்த அதிகபட்ச ரன் என்று 116 ஆண்டுகள் நின்ற அந்த 628 சாதனையை 2016 ஜனவரியில் கல்யாண் நகரத்து ஆட்டோ ஓட்டுநரின் மகன் பிரணவ் தனவாடே முறியடித்தார். 1009 ரன்கள், 59 சிக்சர்கள். அங்கேயும் எல்லைக்கோடு கிட்டத்தில் இருந்ததாக முணுமுணுத்தார்கள். பிரணவின் சாதனையைக் குறைத்துச் சொல்ல மாட்டேன். ஆனால் ஒரே ஒரு சிக்சரோடு 628 எடுத்தவன் எவ்வளவு ஓடியிருப்பான் என்று கணக்குப் போட்டுப் பார்த்தால், என் ஓட்டு ஹசாரிபாக் பையனுக்குத்தான்.