பிணவறை வாசலில் எழுதிய ஒரு வரி

2022 ஜூலையில் கோவில்பட்டி பக்கம் நான்கு வழிச்சாலையில் லாரி மோதி அத்தான் இறந்துபோனார். வயது 38, கொத்தனார். அக்காவுக்கு இரண்டு பிள்ளைகள், கூட அத்தானின் அம்மாவும் இருந்தார்கள். இழப்பீட்டு வழக்கில் தீர்ப்பு வந்தது 2025-இல். இடையில் நாங்கள் பட்டதை, இதே நிலையில் நிற்கும் யாருக்காவது உதவும் என்றுதான் எழுதுகிறேன்.

எங்கள் முதல் தவறு பிணவறை வாசலிலேயே நடந்தது. போஸ்ட்மார்ட்டத்துக்கு முன்னால் போலீஸ் புகார் எழுதிக் கேட்டார்கள். நாங்கள் யாரும் பேசும் நிலையில் இல்லை. சொந்தக்காரர் ஒருவர், விபத்தைப் பார்க்காதவர், கேள்விப்பட்டதை வைத்து எழுதிக் கொடுத்தார். அதில் 'வண்டி சாலையைக் கடக்கும்போது' என்று ஒரு வரி இருந்தது. அது அப்படியே முதல் தகவல் அறிக்கையில் ஏறிவிட்டது. உண்மையில் அத்தான் தன் வண்டியில் சாலையின் இடது ஓரமாகப் போய்க்கொண்டிருந்தார், லாரி பின்னாலிருந்து வந்து அடித்தது. புகார் எழுதுபவர் தான் பார்த்ததை மட்டும் எழுத வேண்டும். பார்க்கவில்லை என்றால் பார்க்கவில்லை என்றே எழுத வேண்டும். அன்று இதைச் சொல்ல எங்களுக்கு ஆள் இல்லை.

அன்றைக்கே இரண்டு பேர், வழக்கறிஞரை நியமிக்கும் வக்காலத்துத் தாளில் கையெழுத்து கேட்டு வந்தார்கள். 'செலவே வேண்டாம், வருவதில் 20 பர்சன்ட்' என்றார்கள். வழக்கறிஞர் இப்படிப் பங்கு பேசுவதை பார் கவுன்சில் விதியே தடுக்கிறது. பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் இலவசமாக வழக்கறிஞர் கிடைப்பார். அக்கா அங்கேதான் போனாள். பொறுமையான அம்மா ஒருவர் எங்களுக்குக் கிடைத்தார்.

அவர் முதலில் சொன்னது, 2022 ஏப்ரலுக்குப் பிறகு நடந்த விபத்துக்கு ஆறு மாதத்துக்குள் இழப்பீடு கேட்டு மனு போட வேண்டும் என்பது. இறப்புச் சான்று, போஸ்ட்மார்ட்டம் அறிக்கை, லாரியின் இன்சூரன்ஸ் நகல், வாகன ஆய்வாளர் அறிக்கை, தாசில்தார் தரும் வாரிசுச் சான்று எல்லாம் சேர ஐந்து மாதம் ஓடிவிட்டது. விபத்து நடந்த ஊரில்தான் போட வேண்டும் என்றில்லை, நாம் குடியிருக்கும் இடத்திலேயே போடலாம். அதனால் அக்காவுக்கு பஸ் செலவாவது மிஞ்சியது.

இன்சூரன்ஸ் கம்பெனி எல்லாவற்றையும் மறுத்தது. பெரிய சண்டை வருமானத்தில்தான். கொத்தனாருக்கு ஏது சம்பளச் சீட்டு? குறுக்கு விசாரணையில் 'உங்கள் கணவர் மாதம் எவ்வளவு தருவார்?' என்று கேட்டார்கள். 'மாசம் எல்லாம் இல்லைங்க, சனிக்கிழமை சனிக்கிழமை கொடுப்பாரு' என்றாள் அக்கா. ஆதாரம் எங்கே என்று கேட்டார்கள். கட்டுமான நல வாரிய அட்டை இருந்தது, ஆனால் அதில் தொழில்தான் இருக்கும், கூலி இருக்காது. கடைசியில் காப்பாற்றியது மேஸ்திரியின் கூலி நோட்டு. வாராவாரம் எத்தனை நாள் வேலை, எவ்வளவு வாங்கினார், எதிரே அத்தானின் கையெழுத்து. மேஸ்திரி ஒரு நாள் கூலியை விட்டுவிட்டு வந்து சாட்சி சொன்னார். நாங்கள் கேட்டது மாதம் 25,000. நீதிபதி 15,000 என்று எடுத்துக்கொண்டார்.

அதற்கு மேல் கணக்கு உச்ச நீதிமன்றம் வகுத்த வழியில் போகிறது. சொந்தத் தொழில், 40 வயதுக்குக் கீழே என்பதால் எதிர்கால வளர்ச்சிக்கு 40 சதவீதம் கூட்டினால் 21,000. நம்பியிருந்தவர்கள் நான்கு பேர் என்பதால் அவருடைய சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் 15,750. அதை ஆண்டுக்கு ஆக்கி, 38 வயதுக்கென்று வகுத்திருக்கும் பெருக்கெண் 15-ஆல் பெருக்கினால் 28,35,000. மனைவி, பிள்ளைகள், தாய் நால்வரின் இழப்புக்குத் தலைக்கு 48,400, ஈமச்சடங்குக்கும், அவர் இருந்திருந்தால் சேர்த்திருக்கக்கூடிய சொத்தின் இழப்புக்கும் 18,150 வீதம். மொத்தம் 30,64,900.

ஆனால் அந்த ஒரு வரி விடவில்லை. டீக்கடைக்காரர் கண்ணால் பார்த்ததைச் சொன்னார், குற்றப்பத்திரிகையும் லாரி ஓட்டுநர் மீதுதான். இருந்தும் 'சாலையைக் கடக்கும்போது' என்று உங்கள் ஆளே எழுதியிருக்கிறாரே என்று அத்தான் மீது 10 சதவீதத் தவறு வைத்தார்கள். 3 லட்சத்துக்கு மேல் போயிற்று. எழுதிக் கொடுத்த மனிதர் இன்றுவரை எங்கள் வீட்டுக்கு வருவதைத் தவிர்க்கிறார். அவர்மேல் எங்களுக்குக் கோபம் இல்லை, அன்று ஓடி வந்தது அவர் ஒருவர்தான்.

பணம் 7.5 சதவீத வட்டியோடு, வழக்கு நடந்த தீர்ப்பாயத்தில் கட்டப்பட்டது. பிள்ளைகளின் பங்கு 18 வயதுவரை தேசிய வங்கியில் வைப்பில் இருக்கும். மூன்று மாதத்துக்கு ஒருமுறை வட்டியை அக்கா எடுக்கலாம், பள்ளிக் கட்டணம் அதிலிருந்துதான் போகிறது.

கூலி நோட்டு சான்றாவணமாகக் கோர்ட்டிலேயே இருக்கிறது. மேல்முறையீட்டுக் காலம் முடிந்தால் மனு போட்டுத் திரும்ப வாங்கலாம் என்றார் வழக்கறிஞர். மேஸ்திரி தனக்கு வேண்டாம், அக்காவிடமே கொடுத்துவிடுங்கள் என்று சொல்லிவிட்டார். அதன் கடைசிப் பக்கத்தில் கடைசியாகக் கூலி வாங்கிய சனிக்கிழமைக்கு அத்தான் போட்ட கையெழுத்து இருக்கிறது.