இரவில் காலம் மெதுவாக ஓடினால்

இரவில் காலம் சற்று மெதுவாக ஓடுகிறது என்று ஒரு கோட்பாடு இருப்பதாக வைத்துக்கொள்வோம். யாரும் முன்வைத்ததல்ல, இங்கே சோதித்துப் பார்க்கவே கற்பனை செய்தது. இதைக் கடிகார ஆய்வகத்துக்குப் புதிதாக வந்தவர் கையில் கொடுத்தால் ஒரே வாரத்தில் ஆதாரம் கொண்டுவந்துவிடுவார். சீசியம் அணுக்கடிகாரம் நொடிக்கு ஒருமுறை தரும் மின்துடிப்பு ஒன்று, ஜிபிஎஸ் ரிசீவர் தரும் நொடித்துடிப்பு ஒன்று. இரண்டையும், துடிப்புகளுக்கிடையிலான நேரத்தை அளக்கும் கவுண்டரில் செருகி வித்தியாசத்தை வரைந்தால், பகலில் ஒரு போக்கு, இரவில் வேறொரு போக்கு என்று சில நானோ நொடி (நொடியில் நூறு கோடியில் ஒரு பங்கு) உயரத்தில் அலை எழும், நாள் தவறாமல்.

அந்த அலை உண்மையானதுதான். அது எங்கிருந்து வருகிறது என்று தேடுவதில்தான் எங்கள் வேலையின் பெரும்பகுதி கழிகிறது.

முதல் சந்தேகம், வளிமண்டலத்தின் மேலே மின்னேற்றம் பெற்ற அடுக்கான அயனி மண்டலத்தின் மேல். வெயில் ஏற ஏற அங்கே எலக்ட்ரான்கள் பெருகும், சிக்னல் தாமதமாகும். ஒற்றை அலைவரிசை ரிசீவர் இதைச் செயற்கைக்கோள் அனுப்பும் எட்டு எண்களைக் கொண்டு கணிக்கிறது: இரவு முழுக்க 5 நானோ நொடி, பகலில் கொசைன் வடிவ ஏற்றம், பிற்பகல் 2 மணிக்கு உச்சம். இந்தக் கணிப்பு ஏறக்குறைய பாதிப் பிழையைத்தான் நீக்கும். மிச்சம் வரைபடத்தில் வந்து உட்காரும். தமிழ்நாட்டின் தென்கோடி பூமியின் காந்தப்புலத்துக்கான நடுக்கோட்டை ஒட்டியிருப்பதால், சூரியன் மறைந்த பிறகும் இங்கே அயனி மண்டலம் அடங்குவதில்லை. இரண்டு அலைவரிசைகளின் தாமதத்தை ஒப்பிட்டு அயனி மண்டலத்தின் பங்கைக் கழிக்கும் இரட்டை அலைவரிசை ரிசீவரை மாட்டினால் அலையில் பெரும்பங்கு மறைந்துவிடும்.

அதற்குப் பிறகும் கொஞ்சம் மிஞ்சும். அப்போது மிஞ்சிய அலையின் மேடு எத்தனை மணிக்கு வருகிறது என்று நாள்தோறும் குறித்துவைக்க வேண்டும். ஜிபிஎஸ் செயற்கைக்கோள்கள் 23 மணி 56 நிமிடத்துக்கு ஒருமுறை வானத்தில் அதே இடத்துக்கு வருகின்றன. மேடு தினமும் 4 நிமிடம் முன்னால் நகர்ந்தால், பக்கத்துச் சுவரிலோ தண்ணீர்த் தொட்டியிலோ பட்டுத் திரும்பும் சிக்னல்தான் காரணம். ஆன்டெனாவை இடம் மாற்ற வேண்டும். நகராமல் அதே மணிக்கு வந்தால் வெயில், கேபிள், அறையின் ஏசி என்று தேட வேண்டும். இந்த வேலையில் எனக்கு மிகப் பிடித்த சோதனை இதுதான். கருவி எதுவும் வேண்டாம், இரண்டு வாரப் பொறுமை போதும்.

கேபிளின் ஒவ்வொரு மீட்டர் நீளமும் சுமார் 5 நானோ நொடி தின்னும். கவுண்டரின் உள்ளீட்டைக் கேபிளுக்கு ஒத்த 50 ஓம் மின்தடையில் வைக்க மறந்தால் துடிப்பு எதிரொலித்து விளிம்பு சிதையும். துடிப்பு வந்துவிட்டதாகக் கவுண்டர் எடுத்துக்கொள்ளும் மின்னழுத்தமான டிரிகர் மட்டத்தை 0.5 வோல்ட்டிலிருந்து 1 வோல்ட்டுக்கு மாற்றினாலே எண் நகர்ந்துவிடும்.

இவ்வளவையும் களைந்த பிறகுதான் கோட்பாட்டிடம் கேள்வி கேட்க முடியும். கடிகாரம் காலத்தைத் தனியாக அளப்பதில்லை. இன்னொரு கடிகாரத்தோடு ஒப்பிட்டால்தான் எண் கிடைக்கும். ஒரே அறையில் இருக்கும் இரண்டும் இரவில் சேர்ந்தே மெதுவானால் வித்தியாசம் பூஜ்யம்தான். எனவே டெல்லியில் உள்ள தேசிய இயற்பியல் ஆய்வகத்தின் கடிகாரத்தையும் அமெரிக்காவின் தேசிய அளவை நிறுவனம் (NIST) போல்டர் நகரில் வைத்திருக்கும் கடிகாரத்தையும் ஒப்பிட வேண்டும். இரண்டும் தீர்க்கரேகைப்படி ஏறத்தாழ நேர் எதிரெதிரே இருக்கின்றன. ஒன்றில் பகல், மற்றொன்றில் இரவு. கோட்பாடு சரியென்றால் வித்தியாசம் பன்னிரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை திசை மாறும். உலகெங்கும் நூற்றுக்கணக்கான அணுக்கடிகாரங்களின் தரவு பாரிஸ் அருகே உள்ள பன்னாட்டு அளவை அலுவலகத்துக்குப் போய், மாதந்தோறும் ஒப்பிட்டு வெளியிடப்படுகிறது. அப்படியோர் இரவுத் தாமதம் இருந்திருந்தால், ஆய்வகங்களுக்கிடையே நாள் முழுக்க ஓடும் ஒப்பீட்டில் தப்பியிருக்காது. பிரபஞ்சமே ஒன்றாக மெதுவாகிறது என்று கோட்பாட்டைத் திருத்தினால், அது அளக்கத்தக்க எதையும் சொல்லவில்லை என்றாகும்.

விசித்திரமாகத் தோன்றியும் சோதனையில் நின்ற கோட்பாடு உண்டு. வேகமும் உயரமும் கடிகாரத்தின் ஓட்டத்தை மாற்றும் என்று சொல்லும் சார்பியல் அப்படிப்பட்டது. 1971இல் இயற்பியலாளர் ஹாஃபலேயும் வானியலாளர் கீட்டிங்கும் நான்கு சீசியம் கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் உலகைச் சுற்றி எடுத்துச் சென்றார்கள். கிழக்கே போனபோது 59 நானோ நொடி பின்தங்கின, மேற்கே போனபோது 273 நானோ நொடி முந்தின. சார்பியல் கணித்த அளவோடு இது ஒத்துப்போனது.

இதே சோதனையைச் சென்னையும் ஊட்டியும் வைத்துச் செய்யலாம். ஒரு மீட்டர் உயரத்துக்குக் கடிகாரம் பத்தாயிரம் லட்சம் கோடியில் ஒரு பங்கு அளவு வேகமாகும். ஊட்டியின் உயரமான 2,240 மீட்டர் என்றால் நாளுக்கு சுமார் 21 நானோ நொடி, பத்து நாளில் 210. நல்ல சீசியம் கடிகாரம் நாளுக்கு ஓரிரு நானோ நொடிதான் அலையும் என்பதால் இது தெளிவாகவே தெரியும். முதலில் இரண்டு கடிகாரங்களையும் சென்னையில் பக்கத்துப் பக்கத்தில் மூன்று வாரம் ஓடவிட்டு, அவற்றுக்கிடையிலான வேக வித்தியாசத்தைக் கண்டுகொள்ள வேண்டும். பிறகு ஒன்றைப் பேட்டரியோடு வண்டியில் ஏற்றலாம். மலைப்பாதையில் பேட்டரி ஒரு கணம் விட்டாலும் எல்லாம் முதலிலிருந்து. திரும்பி வந்ததும் மறுபடி மூன்று வாரம் பக்கத்தில் வைத்து அளக்க வேண்டும். மலையில் இருந்த நாட்களில் மட்டும் வேகம் கூடியதா, வழியில் அடிபட்டு வேகமே மாறிவிட்டதா என்பதை அந்தக் கடைசி அளவீடுதான் பிரித்துக் காட்டும்.