மூட்டை கட்டாத கேமரா

ஞாயித்துக்கிழமை எங்க கொழிஞ்சாம்பாறை (பாலக்காடு மாவட்டம்) வாசகசாலையில ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனோட 'ஜெய் பீம் காம்ரேட்' போட்டோம். ஏறக்குறைய மூணு மணி நேரம் ஓடுற படம். பாதியில எந்திரிச்சுப் போயிருவாங்கன்னு நினைச்சேன், டீக்குக்கூட யாரும் அசையல.

1997 ஜூலையில மும்பை ரமாபாய் நகர்ல அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டாங்க. எதிர்த்துத் திரண்ட ஜனங்க மேல போலீஸ் சுட்டதுல 10 பேர் செத்தாங்க. அதைத் தாங்காம பாடகர் விலாஸ் கோக்ரே தூக்குல தொங்கிட்டார். அங்க ஆரம்பிச்சு 14 வருஷம் இந்தப் படத்தை எடுத்திருக்கார் பட்வர்தன். பாட்டுகளை வெட்டாம முழுசா விட்டிருக்கார், அதுதான் எனக்குப் பெருசு.

கோகோ கோலா ஆலை நிலத்தடி நீரை உறிஞ்சுறதை எதிர்த்து ஜனங்க போராடின நம்ம பிளாச்சிமடைக்கு 2002ல வராத கேமராவா? 2004ல கம்பெனி மூடினதும் ஒண்ணொண்ணா காணோம். நஷ்டஈட்டுத் தீர்ப்பாயத்துக்கு 2011ல கேரள சட்டசபை நிறைவேத்தின மசோதா டெல்லி போய்த் திரும்பி வந்துச்சு. அதைப் படம் பிடிக்க யார் வந்தா? (வந்திருந்தா சொல்லுங்க, பார்க்கணும்.)

அடுத்து போடப்போறது பட்வர்தனோட 'விவேக்'. 2019ல மத்திய அரசு அனுமதி மறுத்து, கேரள ஹைகோர்ட் சொன்ன பிறகு திருவனந்தபுரம் விழாவுல ஓடின படம். பாலக்காட்டுச் சித்தூர் பக்கம் யார்கிட்டயாவது நல்ல புரொஜெக்டர் இருக்கா? வாடகை கட்டுப்படியாகல.