ஆறு பங்கு, ஐந்து நம்பர்

ஆலங்குளத்தில் இருபத்தெட்டு வருஷமாக எரிந்துபோன மோட்டாருக்குக் காயில் (செம்புக் கம்பிச் சுருள்) கட்டுகிறேன். மோட்டாரைப் பிரித்து உள்ளே பார்த்தால், எதனால் எரிந்தது என்று பெரும்பாலும் தெரிந்துவிடும். மின்சாரம் வரும் மூன்று முனையில் ஒன்று, அதாவது ஒரு பேஸ் போய் எரிந்திருந்தால் சில சுருள்கள் கருகியிருக்கும், மற்றவை நிறம் மாறாமல் இருக்கும். லோ வோல்டேஜில் திணறித் திணறி ஓடிச் செத்த மோட்டாரில் சுற்று முழுக்க ஒரே கருப்பு. எனக்கு வருவதில் அந்த முழுக்கருப்புதான் அதிகம். அது ஏன் என்று யோசித்தபோது, கடைசியில் எங்கள் சொந்தக் கிணற்றில் போய் நின்றேன்.

எங்களுடையது பங்குக் கிணறு. தாத்தாவும் அவருடைய கூடப்பிறந்தவர்களும் சேர்ந்து வெட்டியது. பாகம் பிரிந்து பிரிந்து, என் சிறு வயதில் ஆறு பங்காக நின்றது. ஆளுக்கு ஒரு நாள் முறை. விடிந்ததும், மாட்டை வைத்துத் தண்ணீர் இறைக்கும் கமலையைப் பூட்டி, பொழுது சாய அவிழ்ப்பார்கள். ஒருவர் மாட்டைச் சரிவில் ஓட்டி வடத்தின் மேல் உட்கார வேண்டும், இன்னொருவர் வயலில் நின்று மடை மாற்ற வேண்டும். நாள் முழுக்க இறைத்தாலும் அரை ஏக்கர் நனைந்தால் பெரிது என்பார் அப்பா. ராத்திரி முழுக்கக் கிணறு சும்மா கிடக்கும். ஊற்று சுரந்து, மறுநாள் முறைக்காரனுக்குத் தண்ணீர் பழைய மட்டத்துக்கு வந்திருக்கும். ஆறு பேரும் நியாயமாக நடந்துகொண்டார்கள் என்று ஊரில் பெருமையாகச் சொல்வார்கள். அந்த நியாயத்தில் பாதி மாட்டினுடையது. மாடு களைத்துப் போகும் என்பதால்தான் அடுத்தவன் பங்கு கிணற்றிலேயே பத்திரமாக இருந்தது.

ஆனால் அந்த ஆறில் ஒரு பங்கு சித்தியுடையது. சித்தப்பா சின்ன வயதிலேயே போய்விட்டார். இரண்டு பெண் பிள்ளைகள். வீட்டில் மாடும் இல்லை, கமலை ஓட்ட ஆளும் இல்லை. அதனால் சித்தியின் முறையில் வேறொருவர் இறைத்துப் பயிர் வைப்பார், விளைச்சலில் பாதி சித்திக்கு வரும். பத்திரத்தில் பங்கு இருந்தும் கிணற்றில் இல்லை என்ற நிலைமை. இதைப் பற்றி அப்போது யாரும் ஒரு வார்த்தை பேசியதாக எனக்கு நினைவில்லை.

தாமிரபரணித் தண்ணீர் எங்கள் பக்கம் எட்டாது. கால்வாய் பாய்கிற ஊர்க்காரர்கள் கார், பிசானம் என்று நெல் போகங்களைப் பேசுவார்கள். நாங்கள் பேசுவது கிணற்றின் ஆழத்தை. ஆனாலும் அந்த ஆறு வேறு உருவத்தில் எங்களைத் தேடி வந்தது. 1944-ல் பாபநாசத்தில் நீர்மின் நிலையம் ஓடத் தொடங்கி, கொஞ்சம் கொஞ்சமாகக் கம்பிகள் மானாவாரிக் காட்டுக்குள் நீண்டன. எங்கள் கிணற்றுக்குக் கம்பி வந்தது 1981-ல், எனக்குப் பத்து வயது. பங்காளிகள் ஐந்து பேரும் சம்மதம் எழுதிக் கொடுக்க, அப்பா பேரில் சர்வீஸ் வாங்கி, ஐந்து ஹெச்.பி. மோட்டார் இறக்கினார்கள்.

அன்றைக்கு நான் பார்த்ததை இன்னும் மறக்கவில்லை. சித்தி முறை வந்ததும், தானே மோட்டார் ரூமுக்குப் போய், சேலைத் தலைப்பால் கையைத் துடைத்துவிட்டு, ஸ்டார்ட்டரில் இருந்த பச்சைப் பொத்தானை அமுக்கினாள். குழாயில் தண்ணீர் வந்து விழ, மண்வெட்டியை எடுத்துக்கொண்டு வாய்க்கால் வழியே நடந்தாள். அந்த வருஷம் சித்தி வைத்த கத்தரிக்காய் பாவூர்சத்திரம் சந்தைக்குப் போனது, விற்ற பணம் முழுக்க அவள் கைக்கு வந்தது. இயந்திரம் வந்து கிராமத்தைக் கெடுத்துவிட்டது என்று யாராவது பேசினால், எனக்கு அந்தப் பச்சைப் பொத்தான்தான் ஞாபகத்துக்கு வரும்.

கெட்டதும் கூடவே வந்தது. மாடு ஒரு நாளில் இறைத்ததை மோட்டார் மூன்று மணி நேரத்தில் உறிஞ்சிவிட்டது. முதலில் போடுகிறவனுக்குக் கிணற்றில் தேங்கி நிற்கும் நிலைநீர், அடுத்தவனுக்கு ஊற்றுத் தண்ணீர் மட்டும். முறை நடுவில் கரண்ட் போனால் அந்த நேரம் யார் கணக்கு? இரண்டு வருஷம் இதிலேயே பேச்சுவார்த்தை இல்லாமல் போனது. அப்புறம் ஒரு லைன்மேன் யோசனை சொல்லி, மோட்டார் ஓடும்போது மட்டும் ஓடுகிற மணிக்கணக்கு மீட்டர் ஒன்றை ஸ்டார்ட்டரோடு இணைத்தார்கள். ஆளுக்கு நாலு மணி நேரம். மீட்டரில் உள்ள எண்ணை நோட்டில் எழுதிவிட்டு அடுத்தவர் கையில் சாவி கொடுப்பார்கள். முதல் முறை யாருக்கு என்பது வாரா வாரம் மாறும். மோட்டார் முறையைக் குலைத்தது, முறை மோட்டாருக்குப் பக்கத்தில் ஒரு மீட்டரை உட்கார வைத்தது. காயில் கட்டக் கற்றுக்கொள்ளும் ஆசை எனக்கு வந்ததே அந்த மீட்டரைப் பார்த்துத்தான்.

இப்போது முழுக்கருப்பு விஷயத்துக்கு வருகிறேன். கோவைப் பக்கம் நாராயணசாமி நாயுடு தலைமையில் விவசாயிகள் மின்கட்டணத்துக்கு எதிராக மாட்டு வண்டிகளைக் கொண்டுவந்து ஊரையே நிறுத்தியது 1972-ல். அந்தப் போராட்டங்களின் தொடர்ச்சியாக 1984-ல் சிறு விவசாயிகளுக்கும், 1990-ல் எல்லா விவசாயிகளுக்கும் மின்சாரம் இலவசமானது. அது வேண்டாம் என்று நான் ஒருநாளும் சொல்ல மாட்டேன், அது இல்லாவிட்டால் எங்கள் காடு தரிசுதான். ஆனால் மும்முனை மின்சாரம் முறை வைத்து வந்தது, பகலில் கொஞ்சம், ராத்திரியில் கொஞ்சம். பாம்பு கிடக்கிற வரப்பில் நடு ராத்திரி நடந்து போய் யார் பொத்தானை அமுக்குவது? கரண்ட் வந்ததும் மோட்டார் தானே கிளம்பும்படி, எல்லாரும் ஸ்டார்ட்டரை ஆட்டோவில் போட்டுவிட்டுப் படுத்தார்கள். கரண்ட் வந்த நொடியில், எங்கள் டிரான்ஸ்பார்மரில் இருக்கும் பத்தொன்பது மோட்டாரும் ஒன்றாகக் கிளம்பும். கிளம்பும்போது மோட்டார் இழுக்கிற கரண்ட், ஓடும்போது இழுப்பதைப் போல ஐந்தாறு மடங்கு. வோல்டேஜ் சரிந்துவிடும், கடைக்கோடி மோட்டார் உறுமிக்கொண்டு நிற்கும். கரண்ட் அதிகமானால் மோட்டாரை நிறுத்திக் காப்பாற்றும் ரிலே, ட்ரிப் ஆகித் தொந்தரவு செய்கிறது என்று அதையும் விலக்கி டைரக்ட் பண்ணியிருப்பார்கள். காலையில் என் கடைக்கு வண்டி வரும்.

இதில் யாரைக் குறை சொல்வது? ஒவ்வொருவரும் தன் வயலுக்குச் சரியானதைத்தான் செய்திருக்கிறார். ஸ்டார்ட்டரில் நேரம் தாமதிக்கும் திருகு உண்டு. கம்பியின் கடைசியில் இருப்பவர் முதலில், டிரான்ஸ்பார்மர் பக்கத்தில் இருப்பவர் கடைசியில் என்று ஆளுக்கு அரை நிமிஷம் தள்ளி நானே போய் வைத்துக் கொடுத்தேன். ஒரு போகம் நன்றாக நடந்தது. அப்புறம் ஒருவர் திருகைப் பூஜ்யத்துக்குக் கொண்டுவந்தார், ஒரே மாதத்தில் மற்றவர்களும். மறுபடியும் பேசிக்கொண்டிருக்கிறேன். இப்போதைக்கு ஏழு பேர் சம்மதித்திருக்கிறார்கள்.

கடைக்கு வந்த பேராசிரியர் ஒருவரிடம் இதைப் புலம்பியபோது, இங்கிலாந்து நிலக்கரிச் சுரங்கங்களைப் பற்றி 1951-ல் எரிக் டிரிஸ்ட்டும் கென் பாம்ஃபோர்த்தும் எழுதிய கட்டுரையைப் பற்றிச் சொன்னார். பாம்ஃபோர்த் சுரங்கத்தில் வேலை பார்த்தவர். முன்பு இரண்டு மூன்று பேர் கூட்டாளிகளாகச் சேர்ந்து, வெட்டுவது முதல் அள்ளுவது வரை தாங்களே பார்த்துக்கொண்டார்கள். இயந்திரம் வந்ததும் நாற்பது ஐம்பது பேரை மூன்று ஷிஃப்டாகப் பிரித்து, ஷிஃப்டுக்கு ஒரு வேலை என்று ஆக்கினார்கள். முந்தின ஷிஃப்ட் வைத்த குறை, முகமே பார்க்காத அடுத்த ஷிஃப்ட்காரன் தலையில் விழுந்தது. உற்பத்தியும் நினைத்தபடி ஏறவில்லை. கேட்கக் கேட்க எனக்கு எங்கள் கிணறுதான் கண்ணில் நின்றது. கமலை அவிழ்க்கிறவரும் பூட்டப் போகிறவரும் கிணற்று மேட்டில் ஒருவரை ஒருவர் பார்த்தே ஆக வேண்டும். நோட்டு இருந்தவரை, நோட்டைக் கொடுக்கவாவது பார்த்தார்கள்.

அந்த நோட்டும் மூன்று வருஷத்துக்கு முன்னால் போனது. இளவட்டங்கள் பணம் போட்டு செல்போன் ஸ்டார்ட்டர் வாங்கினார்கள். சிம் போட்ட பெட்டி. மிஸ்டு கால் கொடுத்தால் மோட்டார் ஓடும். பெட்டியை மாட்டியவன் நான்தான். அது ஐந்து நம்பரைத்தான் ஏற்றுக்கொள்ளும். திருப்பூரில் இருக்கும் தம்பி நம்பர், என் நம்பர், இன்னும் மூன்று பேர். சித்திக்குத் தேவைப்பட்டால் யாராவது போட்டுவிடுவார்கள் என்று எல்லாரும் நினைத்தோம். காப்பர் ஒயர் திருட்டுக்குப் பயந்து மோட்டார் ரூமுக்குப் பெரிய பூட்டும் போட்டாயிற்று.

போன வைகாசியில் ஊருக்குப் போனபோது சித்தி மண்வெட்டியை மடியில் கிடத்திக் கிணற்று மேட்டில் உட்கார்ந்திருந்தாள். வாய்க்கால் காய்ந்து கிடந்தது. சின்ன வெங்காயத் தாள் நுனி மஞ்சளாகச் சுருண்டிருந்தது. தம்பிக்கு மூன்று தடவை போன் போட்டிருக்கிறாள், அவனுக்கு ஷிஃப்ட்.

"எய்யா, அப்ப மாடு இல்லன்னு காத்துக் கெடந்தேன். இப்ப போன் எடுக்கலன்னு காத்துக் கெடக்கேன்" என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. எனக்குத்தான் நெஞ்சை என்னவோ செய்தது.

அங்கேயே நின்று, பெட்டிக்கு மெசேஜ் அனுப்பி என் நம்பரை எடுத்துவிட்டு, சித்தியின் பட்டன் போன் நம்பரைச் சேர்த்தேன். எடுக்கும்போது மனசு கனத்தது உண்மை. ஆலங்குளத்தில் கடையில் இருந்துகொண்டே கிணற்றை ஓட விடுவது, ஊரோடு எனக்கிருந்த ஒரு பிடிமானம். ஆனால் என் பங்கை வாரத்துக்கு, அதாவது விளைச்சலில் பங்குக்கு, பார்க்கிறவரிடம் நம்பர் இருக்கிறது, எனக்கு எதற்கு?

இப்போது ராத்திரி கரண்ட் வந்ததும் பெட்டி சித்தியைக் கூப்பிடுகிறது. "மூணு பேஸ் வந்துட்டுன்னு ஒரு பிள்ள சொல்லுது" என்கிறாள். மிஸ்டு கால் கொடுத்துவிட்டுப் படுத்துக்கொள்ளலாம் என்றால் கேட்பதில்லை. "வாய்க்கா ஒடச்சிருந்தா போனு சொல்லுமா?" என்று டார்ச்சை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகிறாள். நாலு மணி நேரம் முடிந்ததும் மோட்டாரை நிறுத்திவிட்டு, அடுத்த முறைக்காரரைக் கூப்பிட்டு, "என் மொற முடிஞ்சுது, தண்ணி ரெண்டு ஆள் மட்டம் கெடக்கு, நீ போடு" என்று சொல்கிறாள். இரண்டு மாதமாக மற்றவர்களும் அப்படிக் கூப்பிட்டுச் சொல்லத் தொடங்கியிருக்கிறார்கள்.